சங்கத் தலைவரிடம் நான் சொன்ன இரண்டு பெயர்கள்

அனுப்புநர்:
ஹதானோ சுமியே (வயது 29),
தட்டச்சர், கிஷிமோரி பம்ப் உற்பத்தி நிறுவனம்,
அமகசாகி.

பெறுநர்:
தலைவர் அவர்கள்,
மாகாணத் தொழிலாளர் உறவு ஆணையம்,
கோபே.

பொருள்: தொழிற்சங்கத் தலைவர் என்று நம்பி நான் சொன்ன பெயர்கள், நிறுவனத்தின் கைக்குப் போனது குறித்து விசாரணை கோருதல்.

மதிப்பிற்குரிய ஐயா,

1. மேற்படி நிறுவனத்தில் பதினோரு ஆண்டுகளாக வேலை பார்க்கிறேன். கடந்த ஏப்ரலில் எனக்குத் திருமணம் நடந்தது. திருமணமான பெண்கள் தாமாக விலகிக்கொள்வது எங்கள் நிறுவனத்து வழக்கம். அப்படி ஒரு விதி எங்கும் எழுதப்படவில்லை. பூச்செண்டு கொடுத்து அனுப்பிவிடுவார்கள். நான் விலக விரும்பவில்லை. என் கணவருக்கும் அதில் ஆட்சேபம் இல்லை.

2. மே 17 அன்று சங்க அலுவலகத்துக்குச் சென்று, தலைவர் ஒனிசுகா தெய்ஜி அவர்களிடம் இதைத் தெரிவித்தேன். அவரை நம்பக் காரணம் இருந்தது. 1960 வேலைநிறுத்தத்தின்போது நாற்பத்து மூன்று நாள் ஆலை வாசலில் பாய் விரித்துக் கிடந்தவர் அவர். சோற்றுருண்டை பிடித்துக் கொடுத்தவர்களில் நானும் ஒருத்தி. உப்புக் கூடிப்போன நாளிலும் அவர் ஒரு குறை சொன்னதில்லை.

3. பொறுமையாகக் கேட்டார். பிறகு, "தனியா நின்னா நசுக்கிருவாங்க, ஹதானோ-சான். உங்கள மாதிரி நினைக்கிறவங்க வேற யாராச்சும் இருந்தா சொல்லுங்க, சங்கத்துக்குப் பலம்" என்றார். இரண்டு பெயர்களைச் சொன்னேன். இருவருக்கும் இலையுதிர்காலத்தில் திருமணம் நிச்சயமாகியிருந்தது. வேலையை விட மாட்டோம் என்பதை என்னிடம் மட்டும் சொல்லியிருந்தார்கள். ஒனிசுகா அவர்கள் பச்சை அட்டைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார். ஒரு பெயரில் எழுத்து பிழையாக இருந்தது. நானே திருத்திக் கொடுத்தேன்.

4. ஜூன் 1 காலை, அவரைப் பணியாளர் துறை மேலாளராக நியமித்த தாள் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்பட்டிருந்தது. நின்ற இடத்திலேயே மூன்று முறை படித்தேன். சங்கத் தலைவர்கள் மேலாளராவது எங்கள் ஆலைகளில் புதிதல்ல என்பதை அறிவேன். அறிந்திருந்தும், நான் சொன்ன இரண்டு பெயர்களும் அவர் குறிப்பேட்டில் இருப்பதுதான் நினைவுக்கு வந்தது.

5. ஜூன் 3 அன்று அந்த இருவரில் ஒருவரான இனுகாய் தொமோயேவை மேலாளர் ஒனிசுகாவின் அறைக்கு அழைத்தார்கள். உள்ளே அவருடைய தந்தை உட்கார்ந்திருந்தார். மகள் வேலைக்குச் சேர்ந்தபோது பிணைக் கையெழுத்துப் போட்டவர் என்பதால், தம்பா மலைப்பக்கத்திலிருந்து தந்தியடித்து வரவழைத்திருக்கிறார்கள். அந்தப் பெரியவர் மகளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மேலாளர் முன் தலை தாழ்த்தி மன்னிப்புக் கேட்டார். வீட்டிலிருந்து கொண்டுவந்திருந்த, கையெழுத்துக்கு ஈடான மகளின் முத்திரையை விலகல் கடிதத்தில் தம் கையாலேயே பதித்துவிட்டு எழுந்தார். இதை எழுத இனுகாய் சம்மதித்துள்ளார். மற்றவர் மறுநாள் விலகினார். அவர் இப்போது என்னோடு பேசுவதில்லை. அதை நான் குறையாகச் சொல்லவில்லை.

6. ஒனிசுகா அவர்களிடம் நேரில் சென்று கேட்டேன். "நாற்காலிதான் மாறியிருக்கு, ஆளு அதே ஆளுதான். உங்க நல்லதுக்குச் சொல்றேன், நீங்களும் எழுதிக் குடுத்துருங்க" என்றார். மறுத்தேன். மறுநாள் என் மேசை உணவுக்கூடத்துக்குப் பின்னால், வெங்காயக் கூடைகளுக்கு அருகில் போடப்பட்டிருந்தது. தட்டச்சு இயந்திரம் இல்லை. காலை எட்டு மணி முதல் மாலை ஐந்து மணி வரை வெறும் மேசை முன்னால் உட்கார்ந்திருக்கிறேன். ஒரு நாளும் விடுப்பு எடுக்கவில்லை.

7. கடந்த வாரம் கை கழுவுமிடத்தில் ஒருவர் என் பக்கத்தில் வந்து நின்றார். குழாயை முழுதாகத் திறந்துவிட்டு, "அந்த நியமன ஆணைய நான் பாத்தேன். மே ஆறாந்தேதி போட்டிருந்துச்சு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். நான் ஒனிசுகா அவர்களிடம் பேசியது மே பதினேழாம் தேதி. ஐயா, என்னிடம் பெயர்களைக் கேட்டபோதே அவர் நிறுவனத்தின் ஆளாகிவிட்டிருந்தார். இதை எழுதும் இந்த நேரத்திலும் என் மனம் அதை ஏற்க மறுக்கிறது. அன்று எனக்கு அவர் தம் கையால் தேநீர் ஊற்றிக் கொடுத்தார்.

8. ஆகவே, நியமன ஆணையின் மூலப்படியையும் அந்தப் பச்சைக் குறிப்பேட்டையும் ஆணையத்தின் முன் வைக்க உத்தரவிட வேண்டும். குறிப்பேடு சங்க அலுவலகத்தில் இல்லை என்று புதிய தலைவர் கூறிவிட்டார். விலகிய இருவரும் விரும்பினால் மீண்டும் வேலையில் சேர வழி செய்ய வேண்டும். என்னைத் தட்டச்சு அறைக்குத் திருப்பி அனுப்ப வேண்டும்.

9. இந்த மனு பற்றி முன்னதாகத் தொலைபேசியில் விசாரித்தபோது, கழுவுமிடத்தில் என்னிடம் பேசியவர் யார் என்று தங்கள் அலுவலக எழுத்தர் கேட்டார். அவர் தாமாக முன்வரும்வரை அந்தப் பெயரை நான் சொல்லப் போவதில்லை. தாங்களே கேட்டாலும் சொல்ல மாட்டேன். இதனால் என் மனு தள்ளுபடியாகலாம் என்றும் எழுத்தர் எச்சரித்தார். தெரிந்தே எழுதுகிறேன். நீதி கிடைக்கும் என்ற நம்பிக்கையோடு காத்திருக்கிறேன்.

இடம்: அமகசாகி
நாள்: 12 ஜூலை 1965

தங்கள் உண்மையுள்ள,
ஹதானோ சுமியே
(முத்திரை)