ஐந்தாம் நம்பர் மலையில் நெலு பூத்திருக்கிறது

மச்சான்,

நேற்றுச் சாயங்காலம் சட்டையைக் கழற்றும்போது கைப்பக்கம் பிசின் ஒட்டியிருந்தது. முகர்ந்து பார்த்தேன். நெலுச் செடியின் அதே வாசம். பச்சிலையில் தேன் ஊற்றிய மாதிரி இருக்கிறது என்று நீ சொல்வாய். எனக்கு அப்போதெல்லாம் மூட்டைப்பூச்சி மருந்து மாதிரி இருக்கும். இப்போது அந்தச் சட்டையைத் துவைக்க மனமில்லாமல் ஆணியில் மாட்டி வைத்திருக்கிறேன்.

ஐந்தாம் நம்பர் மலைக்கு மேலே, தேயிலை முடிந்து காடு தொடங்கும் ஓடைக்கரையில் நெலு பூத்திருக்கிறது. பன்னிரண்டு வருடத்துக்கு ஒரு தடவைதான் பூக்கும் என்று விரல்விட்டு எண்ணிக்கொண்டிருந்தவன் நீ. கண்ணை மூட இன்னும் நாலு மாதம் பொறுத்திருக்கக் கூடாதா? எனக்குக் கோபமாகத்தான் இருக்கிறது.

போன தடவை பூத்தபோது நாம் இரண்டு பேரும் புல்லுக்கு மருந்தடிக்கும் கூட்டத்தில் இருந்தோம். பகல் சாப்பாட்டுக்கு எல்லாரும் நிழல் தேடி உட்கார, நீ மட்டும் ரொட்டியைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடைக்கரைக்குப் போய்விடுவாய். ஆளுயரப் புதர் முழுக்க ஊதாவும் வெள்ளையுமாய்ப் பூ, காதை அடைக்கிற தேனீ இரைச்சல். ஒரு ஞாயிற்றுக்கிழமை உன் மனைவியை, என் தங்கச்சியை, அங்கே கூட்டிப்போய் நிறுத்தினாய். "நல்லா பாத்துக்க புள்ள, இன்னொரு தடவ பாக்க பன்னெண்டு வருசம் ஆகும்." அவள் சிரித்தாள். "அதுவரைக்கும் நீங்க பத்திரமா இருங்க." நெலு விதை தின்ற காட்டுக்கோழி போதையில் கிடக்கும் என்று எவனோ சொன்னதை நம்பி, நாம் சாக்குப்பையோடு போனதும் நடந்தது. ஒரு கோழிகூட மயங்கிக் கிடக்கவில்லை.

விதை போட்டதும் புதர் மொத்தமும் காய்ந்து செத்தது. அடுத்த மழைக்கு அதே இடத்தில் கன்றுகள் அடர்த்தியாக முளைத்தன. நான் கவனிக்கவில்லை. ஒருநாள் வேலை முடியும் நேரம் டாங்கியில் பாதி மருந்து மிச்சம். அதை முதுகில் சுமந்துகொண்டு அந்தச் செங்குத்துப் படியில் இறங்கச் சோம்பல்பட்டு, ஓடைக்கரையில் கண்ட பச்சையில் எல்லாம் அடித்துத் தீர்த்தேன். நம் ஆட்கள் எல்லாரும் செய்கிறதுதான். ஒரு வாரத்தில் கரை முழுக்க மஞ்சளாகக் கருகிவிட்டது.

நீ என் லயத்து வீட்டு வாசலில் வந்து நின்றாய்.

"யாரு மச்சான் அடிச்சா?"

"நான்தான். புல்லுதானே மச்சான்."

"புல்லா? அதான் மச்சான் அடுத்த பூ."

இரண்டு மாதம் நீ என்னோடு பேசவில்லை. காலையில் பெரட்டுக்களத்தில் வேலை பிரிக்கும்போதுகூட முதுகைக் காட்டி நின்றாய்.

பிறகு ஒருநாள் நீயே வந்து என் கையைப் பிடித்து இழுத்துப் போனாய். பாறைக்குப் பின்னால் மருந்து படாமல் ஏழு கன்றுகள். "இத எப்புடி மச்சான் காப்பாத்துறது? கங்காணிகிட்ட சொன்னா சிரிப்பாரு" என்றேன். நீ ஓடையில் இறங்கி ஒரு கல்லைப் புரட்டி எடுத்து வந்து கன்றுகளுக்கு முன்னால் நட்டாய். மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, தங்கச்சியின் பழைய சிவப்புச் சேலையைக் கிழித்துச் சுற்றினாய். மறுநாள் கூட்டத்தின் நடுவே, "மேல முனியப்பன் இருக்காரு, கனவுல வந்தாரு" என்று நீ முகம் மாறாமல் சொன்னபோது நான் இருமி இருமிச் சமாளித்தேன். அன்றிலிருந்து எவனும் அந்தப் பக்கம் மருந்தடிக்கவில்லை. செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு சுற்றிப் போனார்கள். மூன்றாம் வருடம் கங்காணியே வந்து தேங்காய் உடைத்தார்.

நீ படுத்த படுக்கையானபோது தங்கச்சி தினமும் மலையேறி அந்தக் கல்லிடம்தான் போனாள். அங்கிருந்து திருநீறு கொண்டுவந்து உன் நெற்றியில் பூசினாள். அவள் தலைக்கு மேலாக நீ என்னைப் பார்த்தாயே, அந்தப் பார்வையை என்னால் மறக்க முடியவில்லை. அவள் அடுப்படிக்குப் போனதும் மெதுவாகச் சொன்னாய்: "சொல்லிராத மச்சான். அவளுக்கு அது சாமிதான்." சொல்லவில்லை. சொல்லவும் மாட்டேன்.

நேற்று அவளையும் கூட்டிக்கொண்டுதான் போனேன். பூவைப் பார்த்ததும் அப்படியே உட்கார்ந்து அழுதாள். நானும் அழுதேன். இந்தப் புதர்களும் விதை போட்டுச் செத்துப்போகும். மழைக்குக் கன்று முளைக்கும். மருந்தடிக்கப் புது ஆட்கள் வருவார்கள். கல்லில் மஞ்சளும் குங்குமமும் இல்லாவிட்டால், கண்ட பச்சையில் எல்லாம் அடிப்பார்கள், என்னைப் போலவே. அதனால் லிந்துலைக் கடையில் இரண்டையும் வாங்கிக்கொண்டு போயிருந்தேன். ஓடைத் தண்ணீரில் கல்லைக் கழுவி, நீ பூசிய மாதிரியே பூசினேன். அடுத்த பூவுக்கு நான் இருப்பேனோ என்னவோ.

அது நீ ஓடையிலிருந்து புரட்டி எடுத்த வெறும் கல் என்று தெரிந்தவன் இப்போது நான் ஒருவன்தான். பூசி முடித்து எழுந்தபோதுதான் கவனித்தேன் மச்சான், என் செருப்பை நான் கீழே படியிலேயே கழற்றி வைத்திருந்தேன்.