தவக்காலத்தில் வேகவைத்த சங்கரா

மார்ச் 3, செவ்வாய்

காலையிலேயே வெயில். மொட்டைமாடியில் வெறுங்காலை வைக்க முடியவில்லை. மாவு அரைக்க வேண்டும், காஸ் புக் பண்ண வேண்டும். இரண்டும் நடக்கவில்லை.

ராணிக்கு மடியில் பால் கட்டிக்கொண்டது. நேற்றே சந்தேகம். குட்டிகள் கிட்டே போனால் உறுமல், பளாரென்று ஓர் அறை, ஒரே தாவில் வாஷிங் மெஷின் மேல். தெருப் பூனைதான், யாரும் அழைக்கவில்லை. ஜனவரி கடைசியில் அதே மெஷினுக்குப் பின்னால் வந்து மூன்று போட்டாள். துரத்துவதாகத்தான் இருந்தேன். பிறகு பெயர் வைத்துவிட்டேன், அதோடு தொலைந்தது.

கூடையில் அடைத்து அம்பத்தூர் டாக்டரிடம். ஆட்டோவில் வழி முழுக்க ஒப்பாரி. டாக்டர் சின்னப் பெண். தொட்டுப் பார்த்துவிட்டு, "சீழ் வெச்சிருக்கும்மா. மருந்து தரேன். குட்டிங்களைக் கிட்ட விடாதீங்க" என்றாள்.

"அப்ப அதுங்க என்னத்தைக் குடிக்கும்?"

"பல்லு வந்திருக்குமே. சாப்பிடப் பழக்கிடுங்க."

பழக்கிடுங்களாம்! என் மகளுக்குச் சோறு பழக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். இப்போது பெங்களூரில் உட்கார்ந்துகொண்டு பீட்சா தின்கிறாள்.

டாக்டர் சொன்னவை:
– பசும்பால் கூடவே கூடாது. (நேற்று கொடுத்து மூன்றுக்கும் வயிற்றால் போனது. டாக்டரிடம் மூச்சு விடவில்லை.)
– குட்டித் தீனி பாக்கெட், வெதுவெதுப்பான தண்ணீரில் குழைத்து.
– பழகும்வரை பூனைக்குட்டிப் பால்பவுடர், ஊசி இல்லாத சிரிஞ்சில்.
– தீனி பிடிக்காவிட்டால் வேகவைத்த மீன். உப்பு, மஞ்சள் கூடாது. முள் சுத்தமாக எடுக்க வேண்டும்.

கடைசியைக் கேட்டதும் பகீர். தவக்காலம். சாம்பல் புதனிலிருந்து ஈஸ்டர் வரை இந்த வீட்டு வாசல்படியைக் கவுச்சி தாண்டாது. முட்டை போட்ட கேக்குகூடக் கிடையாது. கல்யாணமான வருடத்திலிருந்து நான் ஒருநாள் தவறியதில்லை. இவர் தவறுவார். மண்ணூர்பேட்டையில் கம்பெனி வாசலிலேயே பரோட்டாக் கடை. சட்டையில் வாசனை வந்தால், "பக்கத்துல உக்காந்தவன் சாப்டான் ஜெசிந்தா" என்பார். வருடா வருடம் பக்கத்தில் ஒருவன் உட்காருகிறான்.

மார்ச் 4, புதன்

பாக்கெட் தீனி ஆரம்பம்.

குண்டன்: தட்டுக்குள் நாலு காலும். மூக்கு முழுகி, தும்மி, மறுபடி முழுகி. கவலை இல்லை.

புள்ளி: முதலில் என் விரலில் நக்கினாள். பிறகு தட்டில். பிறகு தட்டையே நகர்த்திக்கொண்டு போனாள்.

சுண்டு: வந்தான், முகர்ந்தான். சுற்றிலும் தரையைப் பிறாண்டி மூடுவதுபோல் பாவனை. வெளிக்குப் போனதை மண் போட்டு மூடுமே, அதே பாவனை. இவருக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "உன் சமையலைப் பத்தி இவ்ளோ தைரியமா நான் சொன்னதே இல்லடி."

சிரிஞ்சில் பால். உள்ளே கொஞ்சம், என் புடவையில் மீதி. மூன்றில் இவன்தான் சிறியவன். அம்மாவிடமும் எப்போதும் கடைசி ஆளாகத்தான் போய் ஒட்டுவான்.

ராணி மருந்து விழுங்கினாள். என் கையில் கீறல் இரண்டு.

கொண்டைக்கடலை ஊறப்போட மறந்துவிட்டேன்.

மார்ச் 5, வியாழன்

சுண்டு தீனியைத் தொடவே இல்லை. வேறு வழியில்லை, மீன்தான் என்று முடிவு.

மீன்காரக் கன்னியம்மா கூடையோடு தெருவில் வந்தாள். தவக்காலத்தில் எங்கள் வாசலில் நிற்கவே மாட்டாள், கூவாமல் தாண்டிவிடுவாள். அவ்வளவு மரியாதை. நானே கூப்பிட்டேன். திரும்பிப் பார்த்து நின்றுவிட்டாள்.

"இன்னாம்மா, மெய்யாலுமே மீனா? உன் ஊட்ல நாப்பது நாளும் கவுச்சி ஏறாதே!"

"பூனைக்குட்டிக்குமா. சின்னதா ரெண்டு சங்கரா குடு."

"பூனிக்கா? சரி, சரி. அல்லாரும் அப்பிடித்தான் சொல்றாங்கோ. மேல்தெரு டீச்சரம்மா நாய்க்குன்னு சொல்லி வஞ்சிரம் வாங்கிகினு போச்சு."

"ஏய், நிஜமாத்தான்."

"நான் இன்னா சொன்னேன்? நாயின்னா நாயி, பூனின்னா பூனி." சிரித்துக்கொண்டே செதில் உரித்தாள். இந்தச் சிரிப்பு சாயங்காலத்துக்குள் மேனாம்பேடு முழுக்கப் போய்விடும்.

வீட்டுப் பாத்திரத்தில் வைக்க மனம் வரவில்லை. பரணிலிருந்து பழைய அலுமினியச் சட்டி. வேகும்போது வாசனை. ஆண்டவரே, நான் என்ன கல்லா! மீன் என்றால் எனக்கு உயிர். ஜன்னலைத் திறந்துவைத்துவிட்டு மூக்கைப் பொத்திக்கொண்டு முள் எடுத்தேன்.

குண்டனும் புள்ளியும் உறுமிக்கொண்டு தின்றார்கள். சுண்டு முகர்ந்தான். என் மடியில் ஏறிச் சுருண்டு தூங்கிவிட்டான்.

இவர் ஷிப்ட் முடிந்து வந்து வாசலிலேயே நின்றார். வீடு மாறி வந்துவிட்டோமோ என்று நம்பர் பார்த்தாராம்.

மார்ச் 6, வெள்ளி

சுண்டுவின் முதுகெலும்பு கையில் தட்டுப்படுகிறது. சிரிஞ்சைக் கண்டாலே முகத்தைத் திருப்புகிறான். டாக்டருக்குப் போன். "சிரிஞ்ச் பால் மட்டும் பத்தாதும்மா. நாளைக்குள்ள தானா சாப்பிடலைன்னா கூட்டிட்டு வாங்க, டிரிப்ஸ் போடணும். ரொம்பச் சின்னது, தாங்குமான்னு சொல்ல முடியாது."

போனை வைத்துவிட்டு அழுதேன். ஒரு கைப்பிடி உயிர். அதற்கு இத்தனை அழுகையா என்று என்னையே திட்டிக்கொண்டும் அழுதேன்.

மதியம் தயிர் சாதம், மாங்காய்த் துண்டு. தரையில் உட்கார்ந்து சாப்பிடும்போது சுண்டு மடியேறி வந்தான். முன்னங்காலை என் நெஞ்சில் ஊன்றி வாயை முகர்ந்தான். விரலிலிருந்த ஒரு பருக்கையை நக்கினான். மென்றான்! நான் மென்றவரை அவனும் மென்றான். நிறுத்தினேன், நிறுத்தினான்.

அப்போதுதான் மண்டையில் உறைத்தது. ராணி நன்றாக இருந்திருந்தால் அவளே இவன் எதிரில் தின்று காட்டியிருப்பாள். மற்ற இரண்டும் அவசரக் குடுக்கைகள், யாரும் காட்ட வேண்டியதில்லை. இவன் கேட்டுத் தெரிந்துகொள்கிற ரகம். சிரிஞ்ச் பிடித்த பாவத்துக்கு இப்போது அம்மா நான்.

மீனை விரலில் வைத்து நீட்டினேன். மீனைப் பார்க்கவில்லை, என் வாயைப் பார்த்தான். சரி என்று மீனை உதட்டருகே கொண்டுபோய் வெறும் வாயை மென்றேன். வந்து முகர்ந்தான். தயிர் வாசனைதானே வரும்? திரும்பிப் படுத்துக்கொண்டான். இவர் வாசற்படியில் செருப்பு மாட்டிக்கொண்டே, "சாமியைக்கூட ஏமாத்திடலாம், பூனையை முடியாதுடி. வேணும்னா நான் சாப்ட்டுக் காட்டட்டா?" என்றார். ஆசையைப் பார்! வேலைக்குப் போங்கள் என்று விரட்டினேன். அவரிடம் அவன் போகவும் மாட்டான்.

சாயங்காலம் கோயிலில் சிலுவைப்பாதை. பதினான்கு ஸ்தலமும் முழங்காலிட்டேன், ஒரு ஸ்தலத்திலும் மனம் நிற்கவில்லை. அலுமினியச் சட்டியிலேயே நின்றது.

வீட்டுக்கு வந்தேன். புடவைகூட மாற்றவில்லை. தரையில் உட்கார்ந்தேன். சிலுவை அடையாளம் போடக் கை போனது, வேண்டாமென்று இறக்கிவிட்டேன். ஒரு துண்டு மீனை வாயில் வைத்து மென்றேன். வெள்ளிக்கிழமை. தவக்காலம். சிலுவைப்பாதைப் புத்தகம் பக்கத்திலேயே.

சுண்டு வந்தான். வாயை முகர்ந்தான். மீசை என் உதட்டில் குறுகுறுத்தது. என் விரலிலிருந்த துண்டைக் கவ்வினான். தலையை ஆட்டி ஆட்டி விழுங்கினான். இன்னொன்று. அதற்கு நானும் இன்னொன்று. நாலு துண்டு அவன், நாலு துண்டு நான்.

இத்தனை வருடப் பெருமை போயிற்று. ஆனால் வயிறு உருண்டு மடியில் கிடந்தானே, அதைப் பார்க்கப் பார்க்கச் சந்தோஷம்தான் வந்தது, வருத்தம் வரவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

இவரிடம் சொல்லவில்லை.

மார்ச் 7, சனி

அன்பியக் கூட்டம் இந்த வாரம் எங்கள் வீட்டில். தெருவின் கத்தோலிக்கக் குடும்பங்கள் எல்லாம் வந்து ஜெபமாலை, பைபிள் வாசகம், பிறகு டீ. வீடோ மீன் சந்தை. ஊதுபத்தி ஒரு கட்டு கொளுத்தினேன். சங்கராவும் ஊதுபத்தியும் சேர்ந்து அதற்கொரு தனி நாற்றம்.

குட்டிகளை அடுக்களையில் வைத்துக் கதவைச் சாத்தினேன். கூட்டத்துக்கு முன்பே ஊட்டியிருக்க வேண்டும். சுண்டு அப்போது நல்ல தூக்கம். சரியாக ஜெபமாலையின் மூன்றாம் மறைபொருளுக்கு எழுந்து கத்த ஆரம்பித்தான். "அருள் நிறைந்த மரியே" என்று நாங்கள், "மீ...ஈ" என்று அவன். இவர் தோள் குலுங்குகிறது. யாரும் சிரிக்கவில்லை, யாரும் ஜெபிக்கவும் இல்லை.

டீ போடுவதாகச் சொல்லி உள்ளே ஓடினேன். அடுப்பில் பால், தரையில் நான், வாயில் மீன். சுண்டு நெஞ்சில். கதவு திறந்தது. சகாயமேரி அக்கா. எங்கள் அன்பியத் தலைவி. தட்டு எடுக்க வந்தாராம். வாய்க்குள் இருந்ததைத் துப்பவும் முடியவில்லை, விழுங்கவும் முடியவில்லை.

அக்கா கதவைச் சாத்திக்கொண்டு நின்றார். போன வருடம் தவக்காலத்தில் எங்கள் அன்பியத்துப் பிலோமினா முட்டை போண்டா தின்றதற்கு இதே அடுக்களையில் நின்று நானும் அக்காவும் எவ்வளவு பேசினோம்! ஊருக்குத்தான் உபதேசம்.

"அக்கா, நான் சாப்ட்டாத்தான் இது சாப்பிடுது" என்றேன். "இல்லன்னா செத்துடும்."

அக்கா முட்டியைப் பிடித்துக்கொண்டு மெதுவாகக் கீழே உட்கார்ந்தார். சுண்டு தின்பதை உற்றுப் பார்த்தார். "ஆமாடி. உன் வாயையே பாக்குது." பிறகு, "ஃபாதர்கிட்ட பாவசங்கீர்த்தனத்துக்குப் போயிடு. ஆனா இப்பப் போவாத. நாளைக்கும் ஊட்டணும்ல? எல்லாம் முடிச்சிட்டு மொத்தமாப் போ" என்றார்.

சிரிப்பு வந்து புரையேறிவிட்டது. அக்கா முதுகில் தட்டினார். பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்தது. துடைத்தது அக்காதான்.

கூடத்தில் கேட்டவர்களிடம், "பூனைக்கு மீன் வேவுது, அதான் வாசனை" என்று அக்காவே சொல்லி முடித்துவிட்டார்.

மார்ச் 8, ஞாயிறு

காலைத் திருப்பலி. வெளியே வந்ததும் ஃபாதரைப் பிடித்துச் சொல்லிவிட்டேன். மொத்தமாகப் போகிற அளவுக்கு எனக்குப் பொறுமை கிடையாது.

"திருச்சபை மீனைத் தடுக்கவே இல்லையேம்மா. இறைச்சியைத்தான்" என்றார்.

"திருச்சபை தடுக்கல ஃபாதர். நான் தடுத்திருக்கேன்."

"சின்ன உசிருக்காகத்தானே? ஊட்டுங்க, ஊட்டுங்க. மொத்தம் எத்தனை குட்டி? இங்க ஸ்டோர் ரூம்ல எலித் தொல்லை தாங்கல."

குண்டனைத் தருவதாகச் சொல்லியிருக்கிறேன். இன்னும் கொஞ்சம் வளரட்டும்.

வீட்டுக்கு வந்து இவரிடமும் சொன்னேன். வெள்ளிக்கிழமையே தெரியுமாம். "வாய்ல வாசனை வந்துச்சு. பக்கத்துல உக்காந்தவன் சாப்ட்டிருப்பான்னு நெனச்சுக்கினேன்." கரண்டியை ஓங்கினேன். "ருசி கண்ட பூனை உறிக்கு உறி தாவுமாம், பாத்துடி" என்று மறுபடியும்.

பிறகு தட்டைக் கழுவிக்கொண்டே, முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "நான் இந்த வருஷம் இதுவரைக்கும் கவுச்சியைத் தொடலை. ஈஸ்டர் வரைக்கும் தொடவும் மாட்டேன். வீட்ல ஒருத்தராவது இருக்கணும்ல."

நம்பவில்லை முதலில். கம்பெனிச் சட்டையை எடுத்து முகர்ந்து பார்த்தேன். எண்ணெய், இரும்பு, வியர்வை. வேறெதுவும் இல்லை. எனக்காக இவர் விரதம் பிடிக்கிறார். மனம் நிறைந்துவிட்டது. மதியம் வாழைக்காய் வறுவல் கொஞ்சம் கூடுதலாகப் போட்டேன்.

மார்ச் 10, செவ்வாய்

காஸ் வந்தது. மகள் போன் பண்ணினாள், கதையைக் கேட்டு விழுந்து விழுந்து சிரிப்பு. "எனக்கு ஊட்டறப்ப நீ ஒரு வாய்கூடச் சாப்ட்டதில்லையேம்மா!" உண்மைதான். அப்போது எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

சுண்டு இப்போது பாக்கெட் தீனியும் தொடுகிறான், மீனைப் பிசைந்து மேலே போட்டால். நான் ஒரு துண்டு தின்றால் போதும், மீதியை அவனே பார்த்துக்கொள்கிறான். சிரிஞ்சை அலமாரியில் எடுத்து வைத்தாயிற்று.

கன்னியம்மா தினம் வாசலில் நின்று, "பூனிம்மா!" என்று கூவுகிறாள்.

மார்ச் 12, வியாழன்

காற்றே இல்லை. டாக்டரிடம் ராணியைக் காட்டினோம். புண் ஆறிவிட்டது, பால் வற்றிவிட்டது. இனி பயமில்லை, சேர்த்து விடலாம் என்றாள். சுண்டுவையும் தூக்கிப் பார்த்தாள். "தேறிட்டான்மா."

வீட்டுக்கு வந்ததும் மூன்று தட்டு வைத்தேன். வழக்கம்போல் என் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தேன். சுண்டு வாலை நிமிர்த்திக்கொண்டு வந்தான். என் பக்கம் வரவில்லை. நேரே தட்டுக்குப் போனான். தலையைக் குனிந்தான். "டேய் சுண்டு" என்றேன். காது மட்டும் திரும்பியது. தின்று முடித்து, குண்டன் தட்டையும் ஒரு கை பார்த்துவிட்டு, ராணியிடம் போய்ச் சாய்ந்துகொண்டான். அவள் அறையவில்லை, நக்கிக் கொடுத்தாள்.

பிழைத்துவிட்டான். இதற்குத்தானே இத்தனையும். ஆனாலும் ஒரு பொட்டுக் கண்ணீர் வந்தது.

துண்டு கையிலேயே இருந்தது. இவர் வேலையில். வாசலில் யாருமில்லை. சுண்டு பார்க்கவில்லை.

தின்றுவிட்டேன். யாருக்காகவும் இல்லை. உப்பில்லாத சங்கரா. நன்றாக இருந்தது.