இடது பெட்டி

4 மார்ச் 2001, ஞாயிறு
பாட்டுக் கேட்கும் ஸ்டீரியோ ரிசீவரின் மூடியைக் கழற்றித் தூசு தட்டினேன். ராயபுரத்து உப்புக்காற்று இரும்பையே தின்கிறது, இது எம்மாத்திரம். வால்யூம் திருகில் ஸ்பிரிட் விட்டதும் கரகரப்பு போய்விட்டது. ஜப்பான் கப்பல்காரன் ஒருவனிடம் வாங்கி, நானும் சௌக்கத் பாயும் ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கி வந்த செட். பத்தொன்பது வருஷமாக அவரைத் தவிர வேறு மெக்கானிக் கை வைத்ததில்லை.

ஆனால் இடது ஸ்பீக்கர் பெட்டியில் சத்தம் இல்லை. காதை ஒட்டி வைத்தும் பார்த்துவிட்டேன். வலது பெட்டி கணீரென்று இருக்கிறது.

7 மார்ச்
“ரெண்டுலயுந்தான் பாட்டு வருது” என்கிறாள் என் வீட்டுக்காரி ராஜாத்தி. அவளுக்கு சீரியல் கேட்டால் போதும்.

10 மார்ச்
டோல்கேட்டில் பாய் கடை. ஒரு மணி நேரம் பார்த்தார். “செட்ல ஒண்ணும் இல்ல மாமு.” அப்புறம் என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். “சரி, வச்சிட்டுப் போ.”

19 மார்ச்
செட் வீட்டுக்குத் திரும்பி வந்தும் அதே கதைதான். நேரே பாய் கடைக்குப் போனேன். நாலு பேர் இருந்தார்கள், அதையெல்லாம் நான் பார்க்கவில்லை. “ஜப்பான் டிரான்சிஸ்டரக் கயட்டிக்கினு டூப்ளிகேட் போட்டுக்கீற. தோஸ்துன்னு நம்பினேன் பாரு” என்று கத்திவிட்டேன். ஸ்க்ரூடிரைவரைக் கீழே வைத்தார். “அப்டியே வச்சிக்க மாமு.” அவ்வளவுதான். பதிலுக்கு ஏன் கத்தவில்லை? குற்றமுள்ள நெஞ்சு, வேறென்ன.

26 ஏப்ரல்
பாய் வரவில்லை. நானும் போகவில்லை.

29 மே
பாய் போய்விட்டார். மாரடைப்பு. எனக்குத் தெரியும்போது அடக்கமே முடிந்திருந்தது. யாரும் சொல்லி அனுப்பவில்லை. ஏன் அனுப்பணும்? நான் யாரு?

10 ஜூன், ஞாயிறு
பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. செட்டைத் திரும்பவும் துடைத்து மூடியை மாட்டும்போது ஒரு ஸ்க்ரூ இடது பெட்டிக்கு அடியில் உருண்டது. குனிந்து துழாவினேன். வலது காது பெட்டியில் பட்டது.

பாட்டு. முழுசாக.

இடது காதை வைத்தேன். ஒன்றுமில்லை. வலது காது — பாட்டு. மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தேன். பெட்டி நல்லாத்தான் கீது. என் காதுதான் செத்துக் கிடக்கிறது. கப்பல் யார்டில் இருபத்தாறு வருஷம் துருவை அடித்து உதிர்க்கிற இரைச்சல் மெஷினை இடது தோளோடு அணைத்துப் பிடித்து வருகிறவன் நான். இடது பெட்டிக்கு இடது காதைத்தானே வைப்பேன்!

அய்யோ பாய். இன்னா வார்த்த சொன்னேன் உன்ன.

12 ஜூன்
பாய் வீட்டுக்குப் போனேன். அவர் மனைவி பதுருன்னிசா இத்தா துக்கத்தில் இருக்கிறார்; நாலு மாசத்துக்கு வெளி ஆண்கள் முகம் பார்க்கக் கூடாது. திரைக்கு அந்தப் பக்கமிருந்துதான் பேச்சு. பெட்டி கெடவில்லை, என் காதுதான் என்று சொல்லி அழுதேன். அவர் மெல்ல ஏதோ சொன்னார். பிடிபடவில்லை. வலது காதைத் திரைப்பக்கம் திருப்பி, “இன்னொரு தபா சொல்லும்மா” என்றேன்.

“அவருக்கு அன்னிக்கே தெரியும்ணே. செட்ல எதுவும் மாத்தல, சும்மா தொடச்சிக் குடுத்தாரு. ‘காது போச்சுன்னு தெரிஞ்சா யார்டுல மாமுவ வூட்டுக்கு அனுப்பிருவாங்க, தாங்க மாட்டான். என்னியே திட்டிக்கினு போவட்டும்’னாரு.”

கேட்டது. ஒரு சொல் விடாமல் கேட்டது.