ஓஸ்முண்டின் நாற்பது ஆடுகள்

ஸ்டூர்விக், 6 அக்டோபர் 1974

அன்பு மகள் சுன்னிவாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் சுகம், மொன்றியலில் நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் சுகம் என்று உன் கடிதத்தில் படித்த பிறகுதான் அம்மா காப்பிக்கே தண்ணீர் வைத்தாள். முழங்கால் வலி அவளை விட்டபாடில்லை, ஆனாலும் மலைக்குப் போய்ப் பழம் பறித்துப் பதினேழு பாட்டில் ஜாம் போட்டுவிட்டாள், உன் பங்கு கப்பலில் வருகிறது.

தொழிற்சாலைக்கு அறுபது வயதாகிறதாம், நினைவு மலர் போடுகிறார்கள். நிர்வாகத்திலிருந்து ஹால்வர் வந்து ஒரு பக்கத்தை நீட்டி, பழைய தலைமை வேதியியலாளர் என்ற முறையில் கையெழுத்துப் போடச் சொன்னார். புகையின் கெடுதல் தெரிந்த உடனே வடிகட்டி வைத்தோம் என்று அதில் எழுதியிருந்தது. பேனாவை எடுத்தவனுக்குப் பழசெல்லாம் வந்துவிட்டது. முப்பத்தெட்டாம் வருஷம் ட்ரொண்ட்ஹைமில் படிப்பை முடித்து ஒரு டிரங்குப் பெட்டியோடு படகிலிருந்து இறங்கியது, அலுமினிய உலையை முதன்முதலில் பார்த்து வாய் பிளந்து நின்றது, பிறகு நீ பள்ளி விட்டதும் ஆய்வுக்கூடத்துக்கு ஓடி வந்து உன் தலைமுடி ஒன்றைத் தராசில் வைத்து எடை பார்க்கச் சொல்லி அடம் பிடித்தது. அப்படி ஒரு சந்தோஷமான காலம் எனக்கு மறுபடி வரவில்லையம்மா.

எங்கள் ஆய்வுக்கூடத்து வழக்கம் உனக்குத் தெரியும், எதையும் இரண்டு பேர் தனித்தனியாக அளந்து சீட்டில் எழுதி மடித்து, பிறகுதான் ஒன்றாகப் பிரிப்போம். ஐம்பதாம் வருஷம் அக்டோபரில், தொழிற்சாலைக்கு மேலே பண்ணை வைத்திருந்த ஓஸ்முண்டின் காய்ந்த புல்லை நானும் என்னோடு வேலை பார்த்த ஹால்டிஸும் அளந்தோம். இரண்டு சீட்டிலும் ஒரே எண், எங்கள் புகையில் போன புளோரின் புல்லில் படிந்திருந்தது. ஞாயிறு தவறாமல் என்னோடு பனிச்சறுக்கு வருவானே, அதே ஓஸ்முண்ட்தான். அவன் ஆடுகளின் பல் தேய்ந்து மெல்ல முடியாமல், ஓட்ஸ் கஞ்சி காய்ச்சிக் கையால் ஊட்டிக்கொண்டிருந்தான். மேலாளரிடம் போனேன், அவசரப்படாதீங்க, இன்னொரு குளிர்காலம் அளந்து பாருங்க என்றார். சீட்டுகளை மேசை இழுப்பறைக்குள் வைத்தேன். ஒன்று இரண்டு குளிர்காலமாயிற்று, வடிகட்டி அதற்கும் பிறகுதான் வந்தது. சறுக்குக்குப் போவதை விட்டேன். வருஷா வருஷம் முட்டைக்கோசோடு வேகவைக்க அவனிடம் பாதி ஆடு வாங்குவோமே, அந்த வருஷம் அம்மாவை டவுன் கடைக்கு அனுப்பினேன். கறியில் கெடுதல் இல்லை, புளோரின் எலும்புக்கும் பல்லுக்கும்தான் போகும், எனக்கு நன்றாகத் தெரியும். அவன் வாசலில் போய் நிற்க முகமில்லை, அவ்வளவுதான்.

கையெழுத்துப் போடுமுன் அவனிடம் சொல்லிவிட வேண்டும் என்று செவ்வாய்க்கிழமை அவன் இப்போது இருக்கும் முதியோர் இல்லத்துக்குப் போனேன். நான் ஆரம்பிக்கும்போதே கையமர்த்திவிட்டு, தெரியும்ய்யா கெமிஸ்ட்டு, நீ கறி வாங்க வரலைன்னதுமே வெளங்கிருச்சு, நீயே திங்கலைன்னா அதுல வெசம்தானேன்னு நாப்பது உருப்படியையும் அடிச்சுக் குழியில போட்டேன், எம் புள்ளைங்களுக்கு ஒரு துண்டு குடுக்கல என்றான். பிறகு பண்ணையை விட்டு எங்கள் உலைக்கே வேலைக்கு வந்தான், பதினாறு வருஷம். சம்பளத்துக்காக வந்தான் என்றுதான் நான் நினைத்திருந்தேன். கறி நல்ல கறிதான் என்று சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை சுன்னிவா, ஆனாலும் சொன்னேன். அவன், இத அப்பவே வந்து சொல்ல எத்தன நிமிசம் நடக்கணும், மேட்டுலதான இருந்தேன் என்றான்.

வீட்டுக்கு வந்து ஹால்வரின் வரியை அடித்துவிட்டு, ஐம்பது அக்டோபரிலேயே தெரியும் என்று தேதியோடு நடந்ததை எழுதிக் கையெழுத்திட்டேன். அதை வாங்க வந்த ஹால்வர், இது அச்சில் வராது சார் என்றார். அப்படியானால் என் பெயரும் வர வேண்டாம் என்றேன். அம்மா பக்கத்தில் இருந்துகொண்டு, இருவத்தி நாலு வருசத்துக்கு அப்புறமாச்சும் பேனாவுல மை வந்துச்சே என்றாள். அவள் அப்படித்தான்.

குளிரில் கழுத்தை மூடாமல் வெளியே போகாதே, குழந்தையின் புதுப் படம் அனுப்ப மறக்காதே. கடவுள் உங்கள் மூவரையும் குறைவில்லாமல் வைத்திருக்கட்டும். வரும் செவ்வாயும் இல்லத்துக்குப் போகிறேன். ஓஸ்முண்ட் வா என்று சொல்லவில்லை, வராதே என்றும் சொல்லவில்லை.

உன் அப்பா,
தோர்மூட்