மயில் மீன் வாங்கிய நாள்

அன்புள்ள மகன் ஹரிபிரசாத்துக்கு நைனா எழுதுவது. மஸ்கட்டில் நீ நல்லபடியாக இருக்க ஏழுமலையான் துணை. இங்கேயும் நலம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன், கை வரவில்லை. அம்மா தூங்குகிறாள் என்று நான் போனில் சொன்னது பொய். அவள் திருப்பதி ஆஸ்பத்திரியில் ஐசியூவில் இருக்கிறாள், இன்றோடு ஆறு நாள், கண் திறக்கவில்லை. போனில் சொன்னால் பாதியில் உடைந்துவிடுவேன், அதனால் லீவு முடிந்து நாளை மஸ்கட் திரும்பும் உன் சிநேகிதன் பவன்குமார் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

விதைநெல் வாங்க நாங்கள் இருவரும் நாயுடுபேட்டைக்குப் போயிருந்தோம். ரோட்டோரம் ஒருவன் பெரிய மீன் ஒன்றை வெட்டிக்கொண்டிருந்தான், ஈட்டி மாதிரி மூக்கு, முதுகில் விரித்த பாய் மாதிரி துடுப்பு. தெலுங்கில் கொம்மு கோணம் என்றான். நீ வெள்ளைக்காரர்களைப் படகில் கூட்டிப்போய்த் தூண்டிலில் பிடிக்க வைத்து, மறுபடி கடலிலேயே விடுகிறாயே, அந்த மயில் மீன்தான். ஆள் உயரம் எகிறும், சீறிக்கொண்டு ஓடும், வேட்டையில் உடம்பெல்லாம் நீலமாக மின்னும் என்று நீ சொன்னதையெல்லாம் அம்மா அந்த மீன்காரனுக்கே பாடம் எடுத்தாள். என் புள்ள புடிக்கிற மீனு, ஒரு தபாவாவது துன்னு பாக்கணும் என்றாள். ஐஸ் இல்லாமல் வெயிலில் கிடந்தது, ஆனால் நாற்றமில்லை. நாம் மோந்து பார்த்து மீன் வாங்குகிற ஜனம், வாங்கிவிட்டோம்.

சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில் இருவருக்கும் முகம் சிவந்து உடம்பெல்லாம் தடித்தது. கங்கம்மா ஜாத்திரை சமயம், ஆத்தாதான் வந்துகினா என்று அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள். நான் வாசலில் வேப்பிலை கட்டினேன், அம்மை கண்ட உடம்புக்கு மருந்து ஆகாது என்று அவளுடைய இருதய மாத்திரையையும் நிறுத்தினேன். பக்கத்து வீட்டு நர்ஸ் பிரீத்தி ஓடி வந்து, இது அம்மை இல்ல மாமா, மீனு ஒத்துக்கல, ஆஸ்பத்திரிக்கி இட்டுக்கினு போங்க என்றாள். அம்மை வீட்டில் வெளியாள் கால் வைக்கக்கூடாது என்று அவளைத் திட்டி அனுப்பிக் கதவைச் சாத்தினேன். சாயங்காலம் எனக்குத் தடிப்பு இறங்கியது, ஆத்தா குளிர்ந்தாள் என்று கற்பூரம் ஏற்றினேன். அம்மா மூச்சு முட்டுகிறது என்றாள், பொறுத்துக்கொள் என்றேன். அப்படியே சாய்ந்துவிட்டாள். அதற்கப்புறம்தான் பிரீத்தியைக் கூப்பிட்டேன்.

பிடித்ததும் ஐஸில் வைக்காவிட்டால் அந்த மீன் நாறாமலே விஷமாகும், கொதிக்க வைத்தாலும் போகாது, பலவீனமான இருதயம் தாங்காது என்று டாக்டர் சொன்னார். ஐஸ் விஷயத்தைப் பொங்கல் அன்று போனில் நீயும் சொன்னாய். அம்மா பொங்கல் பானையோடு இருந்தாள், கேட்டவன் நான் ஒருத்தன்தான். ஆஸ்பத்திரி வராந்தாவில்தான் அது ஞாபகம் வந்தது.

அந்த மீனைப் பற்றி ஏன் சொன்னோம் என்று நீ உன்னை நொந்துகொள்ளாதே. கதவைச் சாத்தினவன் நான். லீவு கேட்டுக்கொண்டு உடனே வா. அம்மா காதில் பேசிக்கொண்டே இருங்கள், கேட்கும் என்கிறார் டாக்டர். பக்கத்தில் உட்கார்ந்தால் எனக்கு வாய் வரவில்லை. நீ வந்து அந்த மீன் கதையைச் சொல்.

கங்கம்மா உன்னை நோய்நொடியில்லாமல் காக்கட்டும். வழியில் பட்டினி கிடக்காதே. வீட்டுச் சாவி பிரீத்தியிடம் இருக்கிறது.

உன் நைனா,
சின்னசாமி