யுகாதி மேட்னியில் வராத பாட்டு

இடைவேளை மணி அடித்த பிறகும் ஆபரேட்டர் ரூமைவிட்டு இறங்காத என் சீனண்ணாவுக்கு,

நீங்கள் போய் இரண்டு யுகாதி ஆகிவிட்டது. ஓசூர் சௌக்கியம். பெங்களூர் ரோடு இரண்டு மடங்கு அகலமாகிவிட்டது, அதைக் கடக்க நான்கு மடங்கு நேரமாகிறது. உங்கள் தியேட்டர் நின்ற இடத்தில் மோட்டார் சைக்கிள் உதிரிபாகக் கிடங்கு வந்திருக்கிறது. திரை இருந்த சுவரை இடிக்காமல் அதில் சைலன்சர்களை வரிசையாக மாட்டியிருக்கிறார்கள். பால்கனி டிக்கெட் எடுத்து உட்கார்ந்து பார்க்கலாம் போல அவ்வளவு ஒழுங்கு.

இதைச் சொல்ல மட்டும் எழுதவில்லை. உங்கள் படத்தைக் காட்டினார்கள். பிலிம் காப்பகத்துக்காரர்கள் வாக்குக் கொடுத்தபடியே யுகாதி அன்று, மேட்னி நேரத்தில், இதே ஊரில் காட்டினார்கள். அதைப் பற்றி உங்களிடம் சொல்லாமல் இருக்க இத்தனை நாள் முயன்று பார்த்தேன். முடியவில்லை.

இதைப் படிக்கிற மற்றவர்களுக்கு அந்தப் படத்தின் கதை தெரியாது. சினிமாவின் கதையைச் சொல்லவில்லை. அது அண்ணன் தம்பி பிரிந்து, அம்மா அழுது, கடைசியில் எல்லோரும் வரிசையாக நின்று சிரிக்கிற கறுப்பு வெள்ளைப் படம். நான் சொல்வது பிரிண்டின் கதை.

கர்நாடகத்து ஆனேக்கல்லில் இருந்து பார்வதி அண்ணியைக் கட்டிக்கொண்டு வந்தீர்கள். தியேட்டர் முதலாளி வீட்டுக்கு வந்த மருமகள் தியேட்டர் பக்கமே வரவில்லை. கேட்டதற்கு, "நிம்ம படத்துல எல்லாரும் பேசிக்கிட்டே இருக்காங்க, எனக்கு ஒண்ணும் அர்த்தம் ஆகறதில்ல" என்றார்களாம். நீங்கள் தமிழ் கற்றுக்கொடுக்கவில்லை. ஆனேக்கல்லில் ஓடித் தேய்ந்த ஒரு கன்னடப் படத்தின் பிரிண்டிலிருந்து ஒரு பாட்டை மட்டும் வாங்கி வந்து, இடைவேளை முடிந்ததும் வருகிற ரீலின் தலையில் ஒட்டிவிட்டீர்கள். கதாநாயகி கேழ்வரகுக் காட்டில் நடந்துகொண்டே பாடுவாள். அதற்காக அண்ணி வந்தார்கள். பாட்டுக்காக வந்தவர்கள் மீதிப் படத்தையும் பார்த்தார்கள். தமிழ் அப்படித்தான் வந்தது.

ஊர் சும்மா இருக்குமா? பாகலூர் ரோட்டுப் பால்காரர் முனியப்பா கேபின் ஏணிக்குக் கீழே நின்று கத்தினாராம்: "ஏம்ப்பா சீனா, பொண்டாட்டிக்கு ஒரு பாட்டு. வீட்ல தெலுங்கு பேசற நீ, தெலுங்குக்காரங்களுக்கு என்ன பண்ண? நாங்க டிக்கெட் வாங்கலையா?" அடுத்த வாரம் பாட்டுக்குப் பின்னால் ஒரு தெலுங்குச் சிரிப்புக் காட்சி வந்து சேர்ந்தது. வாடகைக்கு வருகிற ஒவ்வொரு படத்திலும் ஒட்டுவீர்கள், பெட்டி திரும்பும்போது பிரித்துவிடுவீர்கள். கம்பெனி மூடிப்போய் இந்தக் குடும்பப் படத்தின் பெட்டியைக் கேட்க ஆளில்லாமல் அது உங்களிடமே தங்கியதும், அதில் நிரந்தரமாக ஒட்டிவிட்டீர்கள். வருஷா வருஷம் யுகாதி மேட்னி அந்தப் படம்தான். படம் தமிழ், பாட்டுக் கன்னடம், சிரிப்பு தெலுங்கு.

விருதுநகர்ப் பக்கத்திலிருந்து தொழிற்பேட்டை வேலைக்கு வந்து, உங்கள் தியேட்டருக்குப் பின்னால் அறை எடுத்த நான் முதல் யுகாதிக்கு அதைப் பார்த்துவிட்டு, "ரீல் மாறிப் போச்சுங்க" என்று ஓடிவந்து சொன்னேன். நீங்கள் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. "மாறல தம்பி. இந்த ஊர்ல இதான் கதை."

காவிரி விவகாரம் சூடானபோது பஸ்கள் எல்லையில் ஜூஜுவாடியோடு நின்றன. கன்னடப் பாட்டைத் தூக்கச் சொல்லி ஐந்தாறு பேர் வந்தார்கள். "தண்ணிய அவங்க நிறுத்தினா நான் பாட்ட நிறுத்தணுமா? பாட்டு எந்த அணையில இருந்து வருது?" என்று கேட்டு, அவர்களையே உட்காரவைத்துப் படம் காட்டி அனுப்பினீர்கள். ஊர்ச் சண்டைக்குத் தப்பிய பாட்டு அது.

பிறகு தியேட்டர் ஓடவில்லை. பெட்டியைத் திறந்தால் காடி வாடை வந்தது. பிலிம் அழுகத் தொடங்கிவிட்டது என்று உங்களுக்குத் தெரிந்துவிட்டது. அந்த நேரம் பார்த்து நகரத்துப் பிலிம் காப்பகத்திலிருந்து அதன் துணை இயக்குநர் வந்தார். குளிர்சாதன அறை, ஈரம் புகாத அலமாரி, வருங்காலத் தலைமுறை என்று பேசினார். நீங்கள் ஒன்றே ஒன்றுதான் கேட்டீர்கள்: "வருஷத்துல ஒரு நாள் இதக் கொண்டாந்து இங்க காட்டணும். யுகாதிக்கு. எங்க வீட்ல அவ பாக்கணும்." அவர் உங்கள் கையைப் பிடித்துக்கொண்டு சரி என்றார். பச்சைக் கரை போட்ட சால்வை ஒன்றைப் போர்த்தினார். லாரி கிளம்பும்போது அண்ணி பெட்டிக்குப் பொட்டு வைத்தார்கள்.

அதன்பின் நீங்கள் இருந்தவரை ஒரு யுகாதிக்கும் அவர்கள் வரவில்லை. "குளிர் பழகணும் இல்ல, அதுக்கு" என்று அவர்களுக்காக நீங்கள்தான் காரணம் சொன்னீர்கள். இவ்வளவு நம்பிக்கையை எங்கிருந்து வாங்கினீர்கள்? எந்தக் கடையில் கொடுத்தார்கள்?

இந்த வருஷம் வந்தார்கள். கல்யாண மண்டபம் ஒன்றைப் பிடித்து, பின்னால் பதாகை கட்டி, உங்கள் போட்டோவுக்கு மாலை போட்டார்கள். முன்வரிசையில் அண்ணி, பக்கத்தில் நான், பின்னால் ஊன்றுகோலோடு முனியப்பா. தொழிற்சாலைப் பையன்கள் ஷிப்ட் முடித்து யூனிஃபாரத்தோடு வந்திருந்தார்கள். பெட்டி வரவில்லை. ஒரு டிவிடி வந்தது. பெட்டி குளிரில் பத்திரமாக இருக்கிறது, வெளியே எடுத்தால் கெட்டுவிடும் என்றார்கள். நியாயம்தான். பார்க்காமல் இருந்தால் எந்தப் படமும் தேயாது.

படம் கண்ணாடி மாதிரி இருந்தது, அண்ணா. கீறல் இல்லை, மழைக்கோடு இல்லை. அம்மா அழும்போது கண்ணீர்த் துளி தனியாகத் தெரிந்தது. இடைவேளை விட்டார்கள். பாதி டீயோடு முனியப்பா அவசரமாக வந்து உட்கார்ந்தார். அண்ணி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார்கள்.

திரை வெளுத்தது. அண்ணன்காரன் வக்கீல் வீட்டுக்குப் போனான். தம்பிக்காரன் இருமினான். அம்மா மறுபடி அழுதாள்.

அண்ணி என் கையைத் தொட்டார்கள். "ஹாடு எல்லி?"

எனக்கு அவ்வளவு கன்னடம் தெரியும். பாட்டு எங்கே என்கிறார்கள். "வரும் அண்ணி" என்றேன். பின்னாலிருந்து முனியப்பா, "ஏம்ப்பா, எங்க தெலுங்குச் சிரிப்புக்காரனையும் காணோமே! பஸ்ஸ விட்டுட்டானா?" என்றார். பழைய ஆட்கள் நாலைந்து பேர் சிரித்தார்கள். பிறகு யாரும் சிரிக்கவில்லை. திரையில் எல்லோரும் வரிசையாக நின்று சிரித்து, 'வணக்கம்' போட்டாகிவிட்டது.

துணை இயக்குநரிடம் போனேன். அவருக்கு ஒரே மகிழ்ச்சி.

"பாத்தீங்களா சார், எவ்வளவு சுத்தமா இருக்கு! நடுவுல கன்னடம், தெலுங்குன்னு ஏதேதோ ஒட்டியிருந்தது. இந்தப் படத்தோடது இல்ல. தவறுதலா வந்து சேந்திருக்கு. எடுத்துட்டோம்."

"எடுத்தத எங்க வச்சிருக்கீங்க?"

"வைக்கணும்னா அதுக்குப் பேர் வேணுமே சார். எந்தப் படம், எந்த வருஷம்னு தெரியாத துண்ட எந்த அலமாரில வைக்கறது? கழிவோட போயிருச்சு."

அவர் கெட்டவர் இல்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. திருடியிருந்தால் எங்காவது இருக்கிறது என்று மனம் ஆறும். அக்கறையாக, கையுறை போட்டுக்கொண்டு, பூதக்கண்ணாடி வைத்து, நம் ஊரை மட்டும் துல்லியமாகக் கத்தரித்து எறிந்திருக்கிறார்கள். ஐந்தாறு பேர் கூச்சல் போட்டுச் செய்ய முடியாததை ஒரு குளிர்சாதன அறை சத்தமில்லாமல் செய்துவிட்டது.

இதெல்லாம் அண்ணி காதில் விழுந்துகொண்டிருந்ததை நான் கவனிக்கவில்லை. மேடையில் அடுத்து அவர்களுக்கு மரியாதை செய்வதாக இருந்தது. கூப்பிட்டார்கள், போனார்கள். கையில் மஞ்சள் பை. உங்களுக்குப் போர்த்திய சால்வையை அதில் மடித்து எடுத்து வந்திருக்கிறார்கள், அந்த ஆள் பார்த்துச் சந்தோஷப்படட்டும் என்று. பையிலிருந்து எடுத்து அவர் கையில் கொடுத்தார்கள்.

"தகோப்பா. இது எங்க வீட்டோடது இல்ல. தவறுதலா வந்து சேந்திருக்கு."

மைக் போட்டிருந்தது. மண்டபம் முழுக்கக் கேட்டது. அவர் சால்வையை வாங்கிக்கொண்டு, எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றார். அண்ணி படியிறங்கி வந்து, "நடி, ஹோகோணா" என்றார்கள். போய்விட்டோம். முனியப்பா மட்டும் பின்தங்கி, உங்கள் போட்டோவைச் சுவரிலிருந்து கழற்றி எடுத்துக்கொண்டு வந்தார். மாலையை விட்டுவிட்டார்.

இன்னொரு சேதியும் உண்டு. அந்தப் பாட்டு வருகிற முழுப்படத்தையாவது தேடலாம் என்று அண்ணியின் தம்பி மகன் பெங்களூரில் அலைந்தான். அந்தக் கன்னடப் படத்தின் பிரிண்ட் எங்கேயும் இல்லையாம். நெகடிவும் இல்லை. போஸ்டர் ஒன்று இருக்கிறது, அதில் பாதி கிழிந்திருக்கிறது. அப்படியென்றால் அந்தப் படத்தில் உலகத்தில் மிச்சம் இருந்தது உங்கள் இடைவேளையில்தான் இருந்திருக்கிறது. பிலிம் சிமென்ட்டும் மனைவிமேல் ஆசையும் வைத்து நீங்கள் காப்பாற்றினீர்கள். காப்பகம் காப்பாற்றவில்லை. இதைக் கேட்டு நீங்கள் கோபப்படுவீர்களா, இல்லை இதற்கும் ஏதாவது காரணம் சொல்வீர்களா?

அண்ணியிடம் பாடச் சொன்னேன். பல்லவிக்குப் பிறகு நினைவில்லை என்கிறார்கள். "வருஷத்துக்கு ஒரு தடவ வரும்னு இருந்துட்டேன். மனசுல எதுக்கு வைக்கணும்?"

அடுத்த யுகாதிக்கு முனியப்பா வீட்டு மாட்டுக்கொட்டகைச் சுவரில் வேட்டி கட்டிப் படம் காட்டப் போகிறோம். அதே படம்தான், கடையில் விற்கிற டிவிடி. இடைவேளை முடிந்ததும் அந்தப் பாட்டு ஓடும் நேரத்துக்குத் திரையை வெள்ளையாக விடுவேன். புதிதாக வந்த பையன்கள் "கரண்ட் போச்சா?" என்று கூவுவார்கள். போகவில்லை, பாட்டு ஓடுகிறது, உட்காருங்கள் என்று சொல்வேன். அண்ணி பார்த்து முடிக்கிறவரை அடுத்த காட்சியைப் போட மாட்டேன். இது உங்களுக்கு என் வாக்கு. எழுத்தில் கொடுக்கிறேன், கையைப் பிடித்துக் கொடுத்தால் என்ன ஆகிறது என்று பார்த்துவிட்டோம்.

பார்வதி அண்ணியின் பக்கத்துச் சீட்டில் உட்கார்ந்திருக்கும்,
உங்கள் தம்பி,
கருப்பசாமி