கடுக்காயும் கொய்யாத் தளிரும்

அன்பில் ஒருநாளும் எடை குறைத்துப் போடாத எஸ்தர் அண்ணிக்கு,

அண்ணனுக்கு வயிறு கெட்டுவிட்டது. பயப்பட ஒன்றுமில்லை, இப்போது நன்றாக இருக்கிறார். ஆனால் நடந்ததை உங்களிடம் சொல்லாமல் யாரிடம் சொல்வது? ஆம்பூரில் வேறு யாரிடம் சொன்னாலும் என்னைப் பார்த்துத்தான் சிரிப்பார்கள்.

மேல்விஷாரத்தில் அவருடைய கம்பெனி தோஸ்த் வீட்டுக் கல்யாணம். பிரியாணி சாப்பிட்டதில் தப்பில்லை. ஆசையாகக் கட்டிக் கொடுத்த பார்சலை வீட்டுக்குக் கொண்டுவந்து, ஃபிரிட்ஜில் வைக்க மறந்து, மறுநாள் சர்ச்சுக்குப் போய்வந்து அதையே கத்திரிக்காய்த் தொக்கோடு சாப்பிட்டிருக்கிறார். நீங்கள் போன பிறகு அவர் சாப்பாடே இப்படித்தான் அண்ணி. காலையில் டீயும் பன்னும், மத்தியானம் ஹோட்டல், ராத்திரி மத்தியானத்து மிச்சம். வயிறு கெடுவது இது முதல் தடவையும் இல்லை.

நான் போய்ப் பார்க்கும்போது வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு படுத்திருந்தார். மாத்திரை வாங்கி வரட்டுமா என்று கேட்டேன்.

"மாத்திர கீத்திர வேணாம் கிரேஸு. எஸ்தர் ஒரு தண்ணி போடுவா இல்ல? அது இருந்தா குடு."

எங்கே போவேன் அதற்கு? நானே எத்தனை முறை அதைக் குடித்திருப்பேன். ஆலங்காயத்துக்குக் கடுக்காய்ச் சரக்கு பார்க்கப் போய், கண்ட இடத்தில் சாப்பிட்டுவிட்டு வயிறு பொருமிக்கொண்டு வந்தால், உங்கள் வீட்டு வாசலில்தானே வண்டியை நிறுத்துவேன்? தம்ளரை நீட்டுவீர்கள், குடிப்பேன், ஏப்பம் விடுவேன், போய்விடுவேன். அதில் என்ன போடுகிறீர்கள் என்று ஒருநாளும் கேட்டதில்லை. கடுக்காயைக் கடித்துப் பார்த்து எந்த மலைச் சரக்கு என்று சொல்கிற என் நாக்குக்கு அதைக் கேட்கத் தோன்றவே இல்லை பாருங்கள்.

சரி, ருசியை வைத்துப் பிடித்துவிடலாம் என்று உட்கார்ந்து யோசித்தேன். முதலில் ஒரு காரம், அது ஓமம். அடுத்துச் சீரகம், சுக்கு. பிறகு கொஞ்சம் பனைவெல்லத்து இனிப்பு. எல்லாம் தொண்டையில் இறங்கிய பின்னால் நாக்கில் ஒரு வறட்சி நிற்கும், ஞாபகம் இருக்கிறதா? நாக்கை யாரோ துணியால் துடைத்த மாதிரி. அது துவர்ப்பு. துவர்ப்பை விற்றுத்தான் அண்ணி நான் வீடு கட்டினேன். பச்சைத் தோலைப் பதப்படுத்தி இறுக்குவதே அதுதான். இப்போது எல்லாரும் கெமிக்கலுக்குப் போய்விட்டாலும், கடுக்காயும் பட்டைத் தூளும் கேட்டு வருகிற, தோல் பதனிடும் ஷாப்புகள் இன்னும் இருக்கின்றன. தொளதொளவென்று கிடக்கிற தோலை இறுக்குகிற சரக்கு, தொளதொளத்துப் போன வயிற்றை இறுக்காதா? இதுதான் என் கணக்கு.

குடோனுக்குப் போய் மூட்டையிலிருந்து ஒரு கை கடுக்காய் அள்ளி வந்து, இடித்து, ஓமத்தோடு கொதிக்க வைத்து, ஒரு சொம்பு நிறையக் கொடுத்தேன். அண்ணன் மூக்கைப் பிடித்துக்கொண்டு குடித்தார்.

அதற்குப் பிறகு அவரோடு நான் பேசியதெல்லாம் பாத்ரூம் கதவுக்கு வெளியே நின்றுதான்.

"ஏண்ணா, எப்டி இருக்குது?"

"இன்னாத்தக் குடுத்த நீ?"

"கடுக்காண்ணா."

"எந்தக் கடுக்கா?"

"நம்ம குடோன் கடுக்காதான்."

உள்ளே வாளி தடாலென்று உருண்டது.

"அடிப்பாவி, தோலுக்குப் போடுறதயா எனக்குப் போட்ட?"

வேறு வழியில்லாமல் வேலூருக்கு, உங்கள் மகள் பிரிசிக்குப் போன் போட்டேன். ஆஸ்பத்திரி டியூட்டி முடித்து அப்போதுதான் ஹாஸ்டலுக்கு வந்திருந்தாள். நான் சொல்லி முடிப்பதற்குள் குறுக்கே விழுந்தாள்.

"அத்தை, மொதல்ல அந்தச் சொம்பக் கொண்டுபோய் சாக்கடைல கொட்டுங்க. காய்ச்சி ஆற வெச்ச தண்ணில உப்பு, சர்க்கர போட்டுக் குடுங்க. மடக்கு மடக்கா, விட்டு விட்டு. சாயங்காலத்துக்குள்ள அடங்கலன்னா கார் புடிச்சி இங்க கூட்டிட்டு வந்துடுங்க."

பிறகு குரலை இறக்கிச் சொன்னாள்: "இது சரிப்படாது அத்தை. இன்னொரு வாட்டி இப்டி ஆச்சுன்னா நான் வேலைய எழுதிக் குடுத்துட்டு ஊருக்கு வந்துடுவேன். அப்பாவுக்குப் பொங்கிப் போடறத விட அந்த வேல எனக்குப் பெருசு இல்ல."

இதைக் கேட்டதும் அண்ணன் வயிற்றையே மறந்துவிட்டேன். ஆபரேஷன் தியேட்டர் நர்ஸ் வேலைக்கு அந்தப் பெண் எவ்வளவு ஆசைப்பட்டாள், அது கிடைத்த அன்று நீங்கள் தெரு முழுக்க மிக்சர் கொடுத்தது, எல்லாம் நான் பார்த்ததுதானே. சும்மா மிரட்டுகிறவளும் இல்லை அவள், உங்கள் ரத்தம். அண்ணனிடம் சொன்னேன். சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

சாயங்காலம் அடங்கிவிட்டது. உப்பும் சர்க்கரையும்தான் அன்று மானத்தைக் காப்பாற்றின. ஆனால் எனக்கு அந்தத் துவர்ப்பு என்னவென்று தெரிந்தே ஆக வேண்டும் என்றாகிவிட்டது. ஒரு சரக்கு கைக்குப் பிடிபடவில்லை என்றால் என்னால் சும்மா இருக்க முடியுமா?

மறுநாள் கடை திறக்கும்போதே பஜாரில் நாட்டு மருந்துக் கடை பாயிடம் போனேன். நடந்ததைச் சொன்னதும் அந்த மனிதர் தராசைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார்.

"இன்னாம்மா நீ, அண்ணனத் தோல் ஷாப்புக்கு அனுப்பற ஐடியாவா? வயிறு சுத்தமாவணும்னு வர்றவங்களுக்குத்தாம்மா நான் கடுக்கா குடுக்கறேன். கம்மியாப் போட்டா ஒரு வேல செய்யும், ஜாஸ்தியாப் போட்டா வேற வேல செய்யும். நீ ஓடிட்டு இருக்கறவரப் புடிச்சித் தள்ளி விட்டுட்ட."

"சிரிச்சது போதும் பாய். எங்க அண்ணி உங்ககிட்ட இன்னா வாங்குவாங்க? அதச் சொல்லுங்க."

"அந்தம்மாவா? ஓமம், சீரகம், சுக்கு. ஊரே வாங்கறதுதான்."

"துவர்ப்பா ஒண்ணும் வாங்கலயா? மாதுளத் தோலு, மாசிக்கா, அது இது?"

"ஒண்ணும் கெடயாது. என்ன நம்பலன்னா நேராப் போயி அவங்களக் கேட்டுக்க" என்றவர், வாய் தவறிச் சொன்னதை உணர்ந்து, "அல்லா, மன்னிச்சிக்கம்மா" என்றார். எனக்குக் கோபம் வரவில்லை. அப்படிக் கேட்க முடிந்தால் கேட்கமாட்டேனா?

அங்கிருந்து நேரே உங்கள் வீட்டுச் சமையலறைக்குப் போனேன். அண்ணன் எதையும் இடம் மாற்றவில்லை. டப்பாக்களைத் திறந்து ஒவ்வொன்றாக மோந்து பார்த்தேன். ஓமம் வாசனை போய் வெறும் தவிடாகக் கிடந்தது. துவர்ப்பாக எதுவுமே இல்லை. வெந்தயத்தைக் கூடக் கடித்துப் பார்த்தேன், சிரிக்காதீர்கள். அலுத்துப்போய்ப் பின்கதவைத் திறந்தேன்.

கொய்யா மரம் நின்றது. அதில் என்னமோ மாறியிருந்தது, என்னவென்று உடனே பிடிபடவில்லை. அப்புறம்தான் பட்டது. கைக்கெட்டுகிற கிளைகளிலெல்லாம் தளிராக நின்றது. முன்பு அந்தக் கிளைகள் எப்போதும் மொட்டையாக இருக்கும். பக்கத்து வீட்டு ஆடு கடிக்கிறது என்று நான் அந்த வீட்டம்மாவிடம் சண்டைக்கே போயிருக்கிறேன். நீங்கள் பக்கத்திலேயே நின்று கேட்டுக்கொண்டிருந்தீர்களே, ஒரு வார்த்தை சொன்னீர்களா?

ஒரு தளிரைக் கிள்ளி மென்றேன். அதே வறட்சி. நாக்கைத் துணியால் துடைத்த மாதிரி.

இன்னொரு தளிரையும் கிள்ளி மென்றேன் அண்ணி. ஆலங்காயம், ஜவ்வாது மலை என்று துவர்ப்பைத் தேடி நான் லாரி அனுப்புகிறேன். நீங்கள் பின்கதவைத் திறந்து கையை நீட்டியிருக்கிறீர்கள்.

புது ஓமம் வாங்கி வந்து உங்கள் அடுப்பிலேயே போட்டுப் பார்த்தேன். முதல் தடவை ஓமம் கருகிக் கசந்தது. அடுத்த தடவை, அது வெடிக்க ஆரம்பித்ததும் இறக்கிவிட்டேன். சீரகத்தை வாசனை வருகிற மட்டும் வறுத்து, சுக்கை ஒரு தட்டுத் தட்டி, கழுவிய கொய்யாத் தளிரைக் கையால் கசக்கிப் போட்டு, தண்ணீர் பாதியாகச் சுண்டும்வரை விட்டேன். வடிகட்டிப் பனைவெல்லம் போட்டேன். செம்மண் கலங்கிய மாதிரி உங்கள் தம்ளரில் இருக்கும் அதே நிறம் வந்தது.

கம்பெனிக்குக் கிளம்பச் சட்டை மாட்டிக்கொண்டிருந்த அண்ணனிடம் நீட்டினேன். சந்தேகமாகப் பார்த்தார்.

"இதுல குடோன் சரக்கு இன்னா இருக்குது?"

"ஒண்ணும் இல்ல. குடி."

குடித்தார். கண்ணை மூடிக்கொண்டார். பிறகு மெதுவாகச் சொன்னார்: "இதேதான். ஆனா இது இல்ல."

"இன்னா கம்மி? சுக்கா? வெல்லமா?"

"தண்ணில ஒண்ணும் கம்மி இல்லம்மா. எஸ்தர் இதக் குடுத்துட்டு சும்மா போவ மாட்டா. வண்டிச் சாவிய வாங்கி முந்தானைல முடிஞ்சிக்குவா. 'இன்னிக்கு வேலைக்கும் போவல, ஓட்டலுக்கும் போவல, படு'ன்னுவா. எதுக்க நாற்காலி போட்டு ஒக்காந்து கீர ஆய்வா. மத்தியானம் கஞ்சி. நான் 'பசிக்குது'ன்னு கேட்டாத்தான் அந்தக் கஞ்சியும். அது வரைக்கும் எழுந்திரிக்க வுட மாட்டா."

எனக்குச் சிரிப்பு வந்தது, கூடவே வேறு என்னவோவும் வந்தது. நான் சரக்கையே முகர்ந்துகொண்டிருந்தேன், நீங்கள் அதைக் கண்டிஷனோடு கொடுத்திருக்கிறீர்கள். வயிற்றைச் சரி செய்தது எது அண்ணி? தளிரா, கஞ்சியா, சாவியை எடுத்து வைத்ததா? இல்லை, எதிரில் நாற்காலி போட்டு உட்கார்ந்ததா? உங்களுக்கே தெரியுமா, இல்லை நீங்களும் போட்டுப் பார்த்துப் பார்த்துத்தான் பிடித்தீர்களா? எனக்கு மட்டும் ஏன் சாவி கேட்காமல் விட்டீர்கள்? கேட்டால் கொடுக்கமாட்டேன் என்று தெரிந்திருக்கும்.

நான் கையை நீட்டினேன். "சாவியக் குடு."

"போ கிரேஸு, லேட்டாவுது."

"சாவியக் குடுண்ணா. இல்லன்னா பிரிசிக்குப் போன் போடறேன். நாளைக்கே வேலைய எழுதிக் குடுத்துட்டு வந்து நிப்பா. உனக்குச் சோறு பொங்கறதுக்கா அவள எஸ்தர் அண்ணி நர்ஸு படிக்க வெச்சாங்க?"

அவர் சட்டைப் பித்தானைப் போடுவதை நிறுத்தினார். பிறகு சாவியை ஜன்னல் திட்டில் வைத்தார்; என் கையில் கொடுக்கவில்லை. அதுவரைக்கும் இறங்கி வந்தாரே.

நான் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். கீரை இல்லை, அதனால் பேரம் பேசினேன். எனக்குத் தெரிந்தது அதுதானே.

"இனிமே நம்ம வீட்டுல சாப்புடு."

"தங்கச்சி வீட்டுல குந்திக்கினு துன்றான்னு ஊரு பேசும்."

"ஊரு உனக்கு உப்பு சர்க்கரத் தண்ணி கலக்கிக் குடுத்துச்சா?"

"உன் வீட்டுக்காரரு இன்னா நெனப்பாரு?"

"சீட்டாடத் தொண கெடச்சுதுன்னு நெனப்பாரு."

மத்தியானம் வரை இழுத்தார். தோல் ஷாப்பு முதலாளிகள் கூட இவ்வளவு இழுத்ததில்லை. நடுவில் பசிக்கிறது என்றார், கஞ்சி கொடுத்தேன். குடித்து முடித்த பிறகுதான் படிந்தார். அன்றே பிரிசிக்குப் போன் போட்டு, அப்பா வாயாலேயே சொல்ல வைத்தேன். "பாக்கலாம்" என்றாள். வேலையை எழுதிக் கொடுக்கிற பேச்சை எடுக்கவில்லை. அவள் வேலை நிலைக்க வேண்டும் என்றால் இந்தப் பேரம் நிலைக்க வேண்டும். என் பக்கம் பிசகாமல் பார்த்துக்கொள்கிறேன், இது உங்களுக்கு நான் கொடுக்கிற வாக்கு.

பேசி முடித்தது இது: காலைச் சாப்பாடு அவர் பாடு. மத்தியானம் என் வீட்டு டிபன் கேரியர் கம்பெனி கேட்டுக்குப் போகும். ராத்திரி என் வீட்டில், எல்லாரோடும் உட்கார்ந்து. ஞாயிற்றுக்கிழமைக் கறி அவர் வாங்கி வருவார். கல்யாணத்தில் சாப்பிடலாம், பார்சல் கிடையாது. சாப்பிட்ட தட்டை அவரே கழுவ வேண்டும்; இதற்குத்தான் அதிக நேரம் பிடித்தது. அவர் பக்கத்துக் கண்டிஷன் ஒன்றே ஒன்று. எஸ்தர் சமைக்கிற மாதிரி இல்லை என்று அவர் வாய் திறந்து சொல்லமாட்டார். சாப்பிடும்போது மனதில் நினைத்துக்கொண்டால் நான் ஏன் என்று கேட்கக் கூடாது. ஒப்புக்கொண்டேன்.

இப்படிக்கு,
உங்கள் நாத்தனார்
கிரேஸ்